குடிசைப் பகுதி: வேறிடம் மாற்றுவதா, அங்கேயே சீர்செய்வதா?

மறுகுடியமர்த்தல் படத்தில் அழகாக இருக்கும்: அடுக்குமாடி, தனிக் கழிப்பறை, கையில் சாவி. பிரேசிலில் 2009-இல் தொடங்கிய ‘மின்யா காசா, மின்யா விடா’ (என் வீடு, என் வாழ்க்கை) என்ற அரசு வீட்டுத் திட்டத்தில் ஏராளமான வீடுகள் நகர ஓரத்தில்தான் எழுந்தன. நிலம் மலிவாகக் கிடைப்பது அங்கேதானே. ஆனால் வீட்டுவேலைக்கு நடந்தே போய்க்கொண்டிருந்த பெண், ஓரத்துக்குப் போனபின் விடியுமுன் எழுந்து இரண்டு பஸ் மாற வேண்டும். கூலியில் ஒரு பங்கு டிக்கெட்டுக்கே கரையும்.

ஜகார்த்தா 1969-இல் வேறு வழி பிடித்தது. கம்போங்குகளை, அதாவது அங்கத்திய நெரிசலான ஏழைக் குடியிருப்புகளை, இடிக்காமல் நடைபாதை, வடிகால், குடிநீர், பொதுக் கழிப்பறை கொடுத்தது. நாளைக்கே புல்டோசர் வராது என்ற தைரியம் வந்தால், வீட்டை அவரவரே மெல்ல எடுத்துக் கட்டிக்கொள்வார்கள். செலவும் குறைவு. என் ஓட்டு இதற்கே.

குறையும் உண்டு: தீயணைப்பு வண்டி நுழையாத சந்து அப்படியேதான் இருக்கும். ஆற்றுப் படுகை, சரியும் மலைச்சரிவு என்றால் மாற்றித்தான் ஆக வேண்டும்.