ஸ்கிப்பர் பார்க்க ஒரு பைனாகுலர்

பறவைக்காக அல்ல, ஸ்கிப்பர் பட்டாம்பூச்சிகளுக்காகவே இதை வாங்கினேன். 8 மடங்கு பெரிதாக்கும். 2 மீட்டர் கிட்டத்திலும் ஃபோகஸ் ஆகும் என்று பெட்டியில் போட்டிருந்தது. டேப் வைத்து அளந்தேன். இரண்டரை மீட்டருக்குள் வந்தாலே மங்கல். இந்தப் புளுகுதான் எரிச்சல்.

மற்றபடி குறை சொல்ல மனம் வரவில்லை. மழைக்காட்டின் மங்கிய வெளிச்சத்தில், இலைமேல் உட்கார்ந்திருந்த ஒரு பழுப்பு ஸ்கிப்பரைப் பார்த்தேன். தடித்த உடம்பு, பெரிய கண், கொக்கி போல வளைந்த உணர்கொம்பு நுனி, எல்லாம் துல்லியம். காய்ந்த பறவை எச்சத்தின் மேல் வயிற்றை வளைத்து ஒரு சொட்டு நீர் விட்டது. எச்சம் கரைந்ததும் உறிஞ்சுகுழலை நீட்டிக் குடித்தது. வெறுங்கண்ணுக்கு அது வெறும் பழுப்புப் புள்ளிதான்.

பறக்கும்போது பார்க்க ஆசைப்படாதீர்கள். ஃபோகஸ் வளையத்தைத் திருப்புவதற்குள் ஆள் காலி. ஸ்கிப்பரின் புழுக்கள் தேவலை, இலையை மடித்துப் பட்டுநூலால் கட்டி உள்ளேயே கிடக்கும். சில புழுக்கள் கழிவைத் தூரமாகத் தெறிக்கவிடும், வாசனை பிடித்துக் குளவி வந்துவிடக் கூடாதே!

அப்புறம், இதை வைத்து இனம் பிரித்துவிடலாம் என்றும் நம்ப வேண்டாம். கோஸ்டா ரிகாவில் ஒரே இனமாகக் கருதப்பட்ட ஒரு ஸ்கிப்பரை, 2004இல் டிஎன்ஏவையும் புழுக்களையும் ஒப்பிட்டு 10 இனங்கள் என்றார்கள். வளர்ந்த பூச்சிகள் ஏறக்குறைய ஒரே அச்சு. லென்ஸ் என்ன செய்யும், பாவம்.

கழுத்துப் பட்டை மட்டம். வேறு மாற்றிக்கொண்டேன்.