ஆதிரையா, யாழிசையா? மகளுக்குப் பெயர் தேடியபோது

மகளுக்கு ஆதிரை என்று பெயர் வைத்திருக்கிறோம். கடைசிவரை அதோடு போட்டியில் நின்றது யாழிசை. ஆரம்பத்தில் மூன்றாவதாக கிரிஷ்விகா என்ற பெயரும் இருந்தது. இப்போது பெயர் தேடிக்கொண்டிருக்கும் சொந்தக்காரர்கள் ஏன் இதை எடுத்தீர்கள், அதை ஏன் விட்டீர்கள் என்று கேட்கிறார்கள். நான் ஆதிரையின் பக்கம் நிற்பவள். அதைத் தெரிந்துகொண்டே வாசியுங்கள்.

கிரிஷ்விகாவை முதலில் முடித்துவிடுகிறேன். தாய் தகப்பன் பெயர்களிலிருந்து எழுத்துகளை எடுத்து, நடுவில் ஒரு ‘ஷ்’ சேர்த்துக் கோர்ப்பது யாழ்ப்பாணத்தில் இன்று நிறைய வீடுகளில் நடக்கிறது. வேறு யாருக்கும் அந்தப் பெயர் இருக்காது என்பது பெரிய ஆசை. ஆனால் பிள்ளை வளர்ந்து “என் பெயருக்கு என்ன கதை?” என்று கேட்டால் சொல்ல எங்களிடம் எதுவும் இல்லை. அதனால் விட்டோம்.

யாழிசை அப்படியல்ல. அர்த்தத்தை யாருக்கும் விளக்க வேண்டாம். யாழ் வாசித்த பாணனுக்குப் பரிசாகக் கிடைத்த நிலம்தான் யாழ்ப்பாணம் ஆனது என்ற கதையைக் கேட்டு வளர்ந்தவர்கள் நாங்கள். அதை வரலாறாக எடுத்துக்கொள்ளத் தேவையில்லை, ஆனாலும் அது எங்கள் ஊரின் கதை. செங்கோட்டி யாழுக்கு 7 நரம்பு, பேரியாழுக்கு 21 நரம்பு என்று நூல்களில் இருந்த அந்த இசையை விபுலாநந்த அடிகள் பல வருடம் ஆராய்ந்து, 1947இல் யாழ்நூலாக அரங்கேற்றினார். இவ்வளவும் ஒரு பெயருக்குள் இருக்கிறது. என் கணவருக்கு இதுதான் முதல் விருப்பம். ரொறன்ரோவில் இருக்கும் மச்சாளும் கேட்டவுடனேயே “வடிவான பெயர்” என்றாள். யாழினிகள் நிறையப் பேர் இருக்கிறார்களே, குழம்பாதா என்ற சின்ன யோசனை மட்டும் இருந்தது.

யாழிசையை நான் விட்டதற்குக் காரணம் ழகரம். ழகரம் எனக்குப் பிடிக்காது என்று நினைக்க வேண்டாம். அந்த எழுத்தை ஆங்கிலத்தில் எழுதப் போகும்போதுதான் கரைச்சல் தொடங்குகிறது. யாழ் என்பதை எங்கள் ஊரில் ஒருவர் எல் போட்டு எழுதுவார், இன்னொருவர் ஆர் எல் போடுவார். தமிழ்நாட்டுப் பழக்கத்தைப் பார்த்தவர் இசட் எச் போடுவார். கடைப் பலகைகளிலேயே இந்த வித்தியாசத்தைப் பார்க்கலாம். கடைக்கு அதனால் நட்டமில்லை. பிள்ளைக்கு அப்படியல்ல. பிறப்பு அத்தாட்சிப் பத்திரத்தின் ஆங்கில மொழிபெயர்ப்பு, பள்ளிக்கூடப் பதிவு, 15 வயதில் எடுக்கும் அடையாள அட்டை, பரீட்சைச் சான்றிதழ், பாஸ்போட் என்று அந்தப் பெயர் போக வேண்டிய இடங்கள் நிறைய. ஒவ்வோர் இடத்திலும் எழுதுபவர் வேறு, அவர் கைப்பழக்கம் வேறு.

எங்கள் குடும்பத்தில் ழகரப் பெயருள்ள ஒரு தங்கச்சிக்கு இதுதான் நடந்தது. மொழிபெயர்ப்பில் எல், பாஸ்போட்டில் இசட் எச். இரண்டும் ஒரே ஆள்தான் என்று காட்ட சமாதான நீதவானிடம் சத்தியக்கடதாசி முடித்தார்கள். வெளிநாட்டு விண்ணப்பம் ஒன்றில் அதுவும் போதாது என்று திரும்பி வந்தது. பிழை என்று ஒருவரையும் கைகாட்ட முடியாது, ஆளாளுக்குத் தெரிந்தபடி சரியாகத்தான் எழுதியிருந்தார்கள். எங்கள் முறையில் தகப்பன் பெயர் முன்னால் வருவதால், வெளிநாட்டில் எது குடும்பப் பெயர் என்ற கேள்வி எப்படியும் வரும். அதோடு எழுத்துக் குழப்பமும் சேர்ந்தால் பிள்ளை காலம் முழுக்கத் தன் பெயருக்கு விளக்கம் சொல்லிக்கொண்டே இருக்க வேண்டும். பாதிச் சொந்தம் ஊரிலும் பாதி வெளிநாட்டிலும் இருக்கிற எங்கள் போன்ற வீடுகளுக்கு இது சின்ன விசயமில்லை. எண் பார்த்து ஆங்கிலத்தில் ஒரு எழுத்தைக் கூட்டுபவர்களும் இதை ஒருக்கா யோசிக்க வேண்டும்.

சரி, ஆதிரைக்கு வருகிறேன்.

ஆதிரை என்பது திருவாதிரை நட்சத்திரம். மார்கழியில் முன்னிரவில் கிழக்கே சிவப்பாகத் தெரிவது அதுதான். 2019 கடைசியிலும் 2020 தொடக்கத்திலும் அது மங்கிப்போனபோது உலகமெங்கும் வானியலாளர்கள் அதையே பார்த்துக்கொண்டிருந்தார்கள், பிறகு பழைய ஒளிக்குத் திரும்பியது. சைவ வீட்டில் இந்தப் பெயருக்கு வேறு அறிமுகம் வேண்டாம். சிவனுக்கு ஆதிரையான் என்றே ஒரு பெயர் இருக்கிறது. திருவெம்பாவைக் காலத்தில் விடியற்காலையில் சங்கும் பாட்டும் கேட்டு எழும்புவதும், கடைசி நாள் திருவாதிரைக்குக் காரைநகர் ஈழத்துச் சிதம்பரத்துக்குப் போவதும் எங்களுக்குப் பழக்கமானவை.

எனக்கு அதைவிடப் பெரிது மணிமேகலையில் வரும் ஆதிரை. கணவன் சாதுவன் பொருளையெல்லாம் தொலைத்துவிட்டுக் கப்பலேறுகிறான். கப்பல் உடைந்து அவன் இறந்துவிட்டான் என்று செய்தி வருகிறது. ஆதிரை தீயில் இறங்குகிறாள், தீ அவளைச் சுடவில்லை. பிறகு அவன் உயிரோடு திரும்பி வருகிறான். மணிமேகலை அமுதசுரபியைக் கையில் வைத்துக்கொண்டு முதல் பிச்சையை யாரிடம் வாங்குவது என்று நிற்கும்போது காட்டப்படுவது இந்த ஆதிரையின் வீடுதான். உலகமெல்லாம் பசிப்பிணி ஒழியட்டும் என்று சொல்லி அவள் அந்தப் பாத்திரத்தில் சோறிடுகிறாள். அதற்குப் பிறகுதான் அது எடுக்க எடுக்கக் குறையாமல் ஊருக்கெல்லாம் சோறு போடுகிறது.

அந்தப் பாத்திரம் கிடைத்த மணிபல்லவம் நயினாதீவுதான் என்று கருதுவோர் பலர். குறிகாட்டுவானில் படகேறி நாகபூசணி அம்மனிடம் போனால், அங்கே அன்னதானம் அமுதசுரபியின் பெயரில்தான் நடக்கிறது. ஆதிரை இருந்தது காவிரிப்பூம்பட்டினத்தில், எங்கள் ஊரில் இல்லை. ஆனாலும் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு போய் “உன் பெயர்க்காரி முதல் சோறு போட்ட பாத்திரத்தின் கதை இந்தத் தீவோடு சேர்ந்தது” என்று காட்ட ஓர் இடம் இருக்கிறது.

பெரிய மாமிக்கு இந்தப் பெயர் பிடிக்கவில்லை. “தீயில இறங்கினவளின்ர பேரைப் பிள்ளைக்கு வைக்கிறதோ?” என்று கேட்டா. நியாயமான கேள்விதான். ஆனால் மணிமேகலையில் அந்தக் காதைக்கே ஆதிரை பிச்சையிட்ட காதை என்றுதான் பெயர். அவளுடைய துன்பத்தைவிட அவள் கொடுத்த சோறுதான் நிற்கிறது என்று சொன்னேன். அம்மம்மா கணக்கு வேறு: பிள்ளை கார்த்திகை நட்சத்திரம், அகரத்தில் தொடங்கினால் நல்லது. திருவாதிரைக்காரருக்குச் சொல்லும் எழுத்து கு, க என்று போகும், அதனால் அந்த நட்சத்திரத்தின் பெயரே அதில் பிறந்தவருக்கு எழுத்துப்படி வராது. எங்கள் பிள்ளைக்கு வந்தது. பிள்ளை பிறந்து 31ஆம் நாள் முடிந்து பெயர் சொல்லும்போது அம்மம்மாவுக்கு முழுத் திருப்தி.

குறை இல்லாமலில்லை. பாதிப்பேர் ஆதிரா என்கிறார்கள், கேரளத்துப் பெயரா என்றும் கேட்கிறார்கள். ஆங்கிலத்தில் தகரத்துக்கு எங்கள் ஊர் வழக்கம் ரி எச் (th), தமிழ்நாட்டில் டி எச் (dh) போடுபவர்களும் உண்டு. தொடக்கத்தில் ஒரு ஏயா, இரண்டு ஏயா என்பது இன்னொன்று. நாங்கள் இரண்டு ஏயும் ரி எச்சும் போட்டு முடிவெடுத்தோம். இதுவரை வெளிநாட்டுச் சொந்தங்கள் கூப்பிடும்போது பெயர் பெரிதாகச் சிதையவில்லை. ஆனால் பிள்ளை இன்னும் பள்ளிக்கூடம் போகவில்லை, வேற்றுமொழி ஆசிரியர் வாயில் எப்படி வரும் என்பதை அனுபவமாகச் சொல்ல என்னால் முடியாது.

யாழிசைதான் வேண்டும் என்று மனதில் விழுந்துவிட்டால் வையுங்கள், அதை வேண்டாம் என்று சொல்ல எனக்கு மனம் வராது. பிறப்பைப் பதியப் போகுமுன் ஆங்கில எழுத்தை வீட்டிலேயே தீர்மானித்து, ஒரு தாளில் எழுதி, மொழிபெயர்ப்பாளரிடமும் பள்ளிக்கூடத்திலும் அதையே கொடுங்கள். முதல் பத்திரத்தில் விழுந்த எழுத்தைத்தான் பின்னால் வரும் எல்லாப் பத்திரங்களோடும் வைத்துப் பார்ப்பார்கள்.