குழந்தைங்க குதிகால் ஃப்ராக்சர் ஃபாலோ அப்: எஸ்92 போடறதா, எஸ்99 போடறதா, இசட் போடறதா?

மெடிக்கல் கோடிங்ல, அதாவது டாக்டர் எழுதின நோட்டை இன்சூரன்ஸ் பில்லுக்கான கோடா மாத்தற வேலைல, பெரியவங்களோட குதிகால் ஃப்ராக்சர் (முறிவு) சார்ட் வந்தா ஆர்த்தோ டீம்ல யாரும் பெருசா அலட்டிக்க மாட்டாங்க. ஒன்பது பத்து வயசுப் பசங்களோடது வந்தா தான் ஆளாளுக்கு ஒரு கோட் சொல்லுவாங்க, அதுவும் ஃபாலோ அப் விசிட்னா கேக்கவே வேணாம். சார்ட் அமெரிக்காவுல இருந்து வருது, ரூல் அவங்க ஐசிடி-10-சிஎம் (நோய்க்கும் காயத்துக்கும் உள்ள கோட் லிஸ்ட்) ரூல், ஆனா கோட் போடறது பாதி நேரம் சென்னைலயோ திருச்சிலயோ உக்காந்திருக்கற நாம தானே, அதனால இங்க இருக்கற ஆப்ஷன் எல்லாத்தையும் பக்கத்துல பக்கத்துல வெச்சு பாத்துரலாம்.

உதாரணத்துக்கு ஒரு நோட் வெச்சுக்கலாம். ஒன்பது வயசுப் பையன், பார்க்ல மங்கி பார்ல இருந்து விழுந்திருக்கான், இடது கால்கேனியஸ் (குதிகால் எலும்பு), சால்ட்டர் ஹாரிஸ் டைப் 2 (எலும்பு வளர்ற தட்டுல விழற முறிவுல ஒரு வகை), இன்னிக்கு கட்டு பிரிச்சாச்சு, எக்ஸ்ரேல காலஸ் (முறிவு ஆறும்போது வளர்ற புது எலும்பு) நல்லா தெரியுது, இன்னும் ரெண்டு வாரம் பூட் போட்டு நடக்கணும். அவ்ளோ தான் நோட்.

முதல் சண்டை எஸ்92.0க்கும் எஸ்99.0க்கும். எஸ்92.0 தான் வழக்கமான கால்கேனியஸ் ஃப்ராக்சர், எலும்புல எந்த இடம்னு கேக்கும், பாடியா (எலும்போட முக்கியப் பகுதி), ஆன்டீரியர் ப்ராசஸா (முன் முனை), ட்யூபராசிட்டியா (பின் மேடு), ஜாயின்ட்டுக்குள்ள போயிருக்கான்னு, அப்புறம் விலகியிருக்கா இல்லையான்னு கேக்கும், நோட்ல அது சொல்லலைன்னா விலகினதா தான் எடுத்துக்கணும். எஸ்99.0 வேற மாதிரி, அது எலும்பு வளர்ற தட்டுல, அதாவது க்ரோத் ப்ளேட்ல விழுந்த முறிவுக்குன்னே 2016 அக்டோபர் 1ல இருந்து வந்த கோட். அது இடத்தையும் கேக்காது விலகலையும் கேக்காது, சால்ட்டர் ஹாரிஸ் டைப் மட்டும் கேக்கும், 1ல இருந்து 4 வரைக்கும் தனித்தனி கோட் இருக்கு, டைப் 5க்கு தனியா கிடையாது. நம்ம பையனுக்கு எஸ்99.022டி. கடைசி 2 இடது பக்கம், ஏழாவது எழுத்தான டி ஃபாலோ அப்ல நார்மலா ஆறிட்டு வருதுன்னு அர்த்தம்.

இதுல ரெண்டு பக்கமும் தப்பு நடக்குது. எஸ்92ஐயே வருஷக்கணக்கா போட்டு கை பழகினவங்க டைப் 2ன்னு நோட்லயே இருந்தாலும் கண்ணுல படாம எஸ்92.0ல போய் நிப்பாங்க. புதுசா சர்டிஃபிகேஷன் முடிச்சு வந்தவங்க அதுக்கு நேர் எதிர், வயசு ஒன்பதுன்னு பாத்ததுமே எஸ்99 தான்னு முடிவு பண்ணிருவாங்க. என்னைக் கேட்டா ரெண்டாவது தான் மோசம். பையனுக்கு க்ரோத் ப்ளேட் திறந்து தான் இருக்கும், ஆனா முறிவு அது வழியா போச்சான்னு டாக்டரோ ரேடியாலஜி ரிப்போர்ட்டோ சொல்லணும், வயசைப் பாத்து நாம சொல்லக்கூடாது. குழந்தைங்களுக்கு பாடில மட்டும் விழற முறிவும் உண்டு, அதுக்கு எஸ்92.01 தான் சரி. நோட்ல வெறும் குதிகால் ஃப்ராக்சர்னு மட்டும் இருந்தா டாக்டருக்கு க்வெரி (விளக்கம் கேட்டு கேள்வி) அனுப்புங்க, அனுப்ப முடியலைன்னா எஸ்92.00ல விடுங்க. இன்னொன்னு, எஸ்92.0க்குக் கீழ எஸ்99.0 எக்ஸ்க்ளூட்ஸ் 2ன்னு தான் இருக்கு, ரெண்டையும் சேத்து போடக்கூடாதுன்னு சொல்ற 1 இல்ல, அப்போ நிஜமாவே ரெண்டு முறிவும் இருந்தா ரெண்டையும் போடலாம்.

சீவர்ஸ் டிசீஸ் எம்92.6 இந்தப் போட்டிலயே இல்ல, ஃப்ராக்சரே கிடையாது அது, ஓடியாடற பசங்களுக்கு குதிகால்ல வர்ற வலி. முறிவு ஆறினப்புறம் வலிக்குதுன்னு வந்த சார்ட்ல டாக்டர் இதை எழுதியிருந்தா மட்டும் எடுங்க.

அடுத்தது டியா இசட்டா. ஆஃப்டர்கேர்னு (ட்ரீட்மென்ட்டுக்கு அப்புறம் கவனிப்பு) நோட்ல பாத்ததும், ஆர்த்தோ ஆஃப்டர்கேருக்கான இசட்47.89 போட கை தானா போகும், கைட்லைன் தெளிவா வேணாம்னு சொல்லுது, அடிபட்ட முறிவோட ஆஃப்டர்கேருக்கு அந்த இசட் கோட் கிடையாது, அதே முறிவு கோட்ல ஏழாவது எழுத்தை மாத்தறது தான் வழி. முழுசா ஆறிடுச்சு, ட்ரீட்மென்ட் முடிஞ்சிடுச்சு, சும்மா ஒரு தடவை பாத்துட்டுப் போறாங்கன்னா மட்டும் இசட்09ம் (ட்ரீட்மென்ட் முடிஞ்சப்புறம் ஃபாலோ அப்) கூட இசட்87.81ம் (ஆறின பழைய முறிவு). பூட் இன்னும் கால்ல இருக்கற நம்ம பையனுக்கு அது பொருந்தாது.

ஏழாவது எழுத்து ஏயா (ஆக்டிவ் ட்ரீட்மென்ட்) டியாங்கற குழப்பம் இன்னும் தீரல. முதல் தடவை இந்த டாக்டர்கிட்ட வர்றான்ல, அப்போ ஏ தானேன்னு கேப்பாங்க. டாக்டர் புதுசா பழசாங்கறது கணக்கே இல்ல, ஆக்டிவ் ட்ரீட்மென்ட் நடக்குதாங்கறது தான் கணக்கு. எமர்ஜென்சில பாத்துட்டு மறுநாள் ஆர்த்தோ டாக்டர் முடிவெடுத்து கட்டு போட்டா அங்கயும் ஏ, குடும்பம் வேற ஊருக்கு மாறி புது டாக்டர் வெறும் கட்டு பிரிச்சா அது டி. லேட்டா ஆறுதுன்னா ஜி, சேரவே இல்லைன்னா கே, ஆனா பத்து வாரம் ஆச்சேன்னு நாமளா ஜி போடக்கூடாது, டாக்டர் எழுதணும். எப்படி அடிபட்டுச்சுன்னு சொல்ற வெளிக் காரணக் கோடுக்கும் அதே எழுத்து, டபிள்யூ09.2எக்ஸ்எக்ஸ்டி.

டயக்னோசிஸ் சைடு இவ்ளோ தான், பணம் சம்பந்தப்பட்ட சண்டை சிபிடில (டாக்டர் செஞ்ச வேலைக்கான கோட்) இருக்கு, மேனேஜர்ங்க உண்மைல கவலைப்படறது அதுக்கு தான். எலும்பை இழுத்து சரி பண்ணாம வெறும் கட்டு போட்ட கேஸ்ல ரெண்டு வழி இருக்கு. ஒண்ணு 28400 போட்டு குளோபலா பில் பண்றது, 90 நாளைக்கு ஃபாலோ அப் விசிட் எல்லாம் அதுக்குள்ளயே, ஒவ்வொண்ணுக்கும் 99024 போட்டு சைபர் டாலர். இன்னொண்ணு தனித்தனியா, முதல் நாள் விசிட்டுக்கு மாடிஃபையர் 25 (கட்டு வேற, விசிட் வேறன்னு சொல்ற குறி) வெச்சு, கட்டுக்கு 29405, அப்புறம் வர்ற ஒவ்வொரு விசிட்டுக்கும் 99212, 99213ன்னு. எக்ஸ்ரே 73650 ரெண்டுலயும் தனி தான். குளோபல்ல ப்ராக்டிஸுக்கு பணம் மொத்தமா முன்னாடியே வரும், ஆனா கத்தியே வைக்காத பையனுக்கு இன்சூரன்ஸ் ஸ்டேட்மென்ட்ல சர்ஜரின்னு வந்து அம்மா ஃபோன் பண்ணி கத்துவாங்க. ஒண்ணு ரெண்டு தடவை மட்டும் வந்துட்டுப் போற குழந்தைக்கு தனித்தனியா போடறது தான் நியாயம்னு தோணுது, மாசக்கணக்கா வந்துட்டே இருக்கற கேஸ்க்கு குளோபல் தான் குடும்பத்துக்கு லாபம். ஆனா முடிவு ப்ராக்டிஸோடது, கோடரோடது இல்ல, ஒரே கேஸ்ல ரெண்டையும் கலக்காம இருந்தா போதும். 28400 போன கேஸ்ல அந்த 90 நாளுக்குள்ள அதே முறிவுக்கு 99213 போனா டினயல், இன்சூரன்ஸ் பணம் தராது. சரி பண்ணி கட்டினதுக்கோ ஆபரேஷன் பண்ணினதுக்கோ இந்தச் சாய்ஸே கிடையாது, 28405, 28415 தான்.

கட்டுக்கான பொருளுக்கு கோட் போடும்போது மட்டும் பிறந்த தேதியைப் பாத்துக்கங்க, முட்டிக்குக் கீழ ஃபைபர்கிளாஸ் கட்டுக்கு பத்து வயசு வரைக்கும் க்யூ4040, பதினொண்ணு ஆயிட்டா பெரியவங்களோட க்யூ4038.