சென்னிமலையைத் திரையில் காட்டுவதா, தாளில் படிக்க வைப்பதா?

ஒன்பதாம் வகுப்புக்கு வரைபடம் சொல்லித்தர இந்த வருடம் இரண்டு வழியையும் பார்த்துவிட்டேன். ஒரு பிரிவுக்கு ஸ்மார்ட் போர்டில் கூகுள் எர்த், இன்னொரு பிரிவுக்கு மத்திய அரசின் நில அளவைத் துறையான சர்வே ஆஃப் இந்தியாவின் டோப்போஷீட், அதாவது மலை, ஓடை, ஊர் எல்லாம் குறித்த அச்சு வரைபடத் தாள். அடுத்த வருடம் இரண்டு பிரிவுக்கும் ஷீட்டில்தான் தொடங்கப் போகிறேன்.

கூகுள் எர்த்துக்குக் காசில்லை. பிள்ளைகள் அவரவர் வீட்டுக் கூரையைக் கண்டுபிடித்துக் கூச்சல் போடுகிறார்கள். கரண்டு போனால் பாடமும் போச்சு. இதெல்லாம் தெரிந்த கதைதான்.

என்னை ஷீட் பக்கம் இழுத்தது சம உயரக் கோடு, ஒரே உயரத்தில் இருக்கும் இடங்களை இணைக்கிற கோடு. திரையில் சென்னிமலையைச் சாய்த்துக் காட்டினால் மலை மலையாகவே தெரிகிறது, பிள்ளைகள் யோசிக்க மிச்சம் எதுவுமில்லை. வகுப்புத் தேர்வில் வெறும் கோடுகளைக் கொடுத்தால் முழிக்கிறார்கள். 58 இ/12 என்ற எண்ணுள்ள ஷீட்டில் அதே மலை பழுப்பு வளையங்களாகக் கிடக்கிறது. 1:50,000 அளவு, ஒரு சென்டிமீட்டர் தரையில் அரை கிலோமீட்டர், கோட்டுக்குக் கோடு 20 மீட்டர் ஏற்றம். வளையத்தை மலையாக்கும் வேலை பிள்ளையுடையது.

ஷீட்டைக் கையில் கொடுப்பதற்கு முந்தின நாள் ஓர் அகலப் போசியில் செம்மண்ணைக் குழைத்து மலை பிடித்தோம். விரற்கடை விரற்கடையாகத் தண்ணீர் ஊற்றி, ஒவ்வொரு தடவையும் தண்ணீர் தொடும் விளிம்பில் ஈர்க்குச்சியால் கீறச் சொன்னேன். தண்ணீரை வடித்துவிட்டு மேலிருந்து பார்த்தால் வளையங்கள்! செங்குத்தான பக்கம் கீறல்கள் நெருங்கிக் கிடந்தன. “ஏனுங் டீச்சர், கோடு நெருக்கமா இருக்குற பக்கம் ஏறுனா மூச்சு வாங்குமுங்களா?” என்றான் ஒருவன். மறுநாள் ஷீட்டை விரித்தபோது நான் அதிகம் பேச வேண்டியிருக்கவில்லை.

ஷீட்டை சர்வே ஆஃப் இந்தியா தளத்தில் இலவசமாக இறக்கிக்கொள்ளலாம். வேண்டிய பகுதியை மட்டும் கலர் பிரிண்ட் எடுத்து லேமினேட் செய்தால் போதும். கறுப்பு வெள்ளையில் எடுத்துவிடாதீர்கள், பழுப்புக் கோடும் நீல ஓடையும் ஒன்றாகிவிடும். முதல் தடவை நான் அப்படித்தான் காசை விட்டேன்.

திருப்பூர் எப்படிப் பெருத்தது என்று பழைய படங்களை அடுத்தடுத்துக் காட்ட மட்டும் திரையை விட்டால் வழியில்லை. அப்புறம், மண் மலை ஷீட் பிரிவுக்குத்தான் கிடைத்தது. அவர்கள் நன்றாகச் செய்ததில் பாதி அதன் பங்காக இருக்கலாம். ஆளுக்கொரு டேப்லெட் கொடுத்து நடத்தினால் எப்படிப் போகும் என்று நான் பார்த்ததில்லை.