தலமானி: நாலு வருஷமாகக் கையில் வைத்திருப்பவன் சொல்வது

2021 ஆடியில் வாங்கினேன். பள்ளிகொண்டா பக்கம் பாலாற்றங்கரையை ஒட்டி எங்கள் கொல்லை. ரெண்டு போர் போட்டும் புழுதிதான் பறந்தது. கையில் தேங்காயை வைத்துக்கொண்டு நீரோட்டம் பார்ப்பவரை நம்பி இன்னொரு தரம் காசைக் கொட்ட மனசில்லை. அடியில் இருக்கும் உலகங்களை வரைபடமாகவே போட்டுக் காட்டும் என்றார்கள், தலமானி வீட்டுக்கு வந்தது.

முதலில் ஒன்று. பாதாளக் கரண்டி வேறு, இது வேறு. கிணற்றில் விழுந்த வாளியை எடுக்கத் தருவீர்களா என்று இதுவரை மூன்று பேர் கேட்டுவிட்டார்கள்.

பார்க்க வெண்கல அஞ்சறைப் பெட்டி மாதிரி இருக்கும், ஆனால் அறை ஏழு. அதலம், விதலம், சுதலம், தலாதலம், மகாதலம், ரசாதலம், பாதாளம் என்று திருகு ஏழு. நடுவில் வெற்றிலையை வைத்து, அஞ்சன மையில் ஊசியைத் தொட்டு விட்டால் அது தானாக வரையும். மை போட்டுப் பார்ப்பவர்களிடம் போனவர்களுக்கு இந்த வாசனை பழக்கம்தான்.

ஏழு திருகு என்று விலையைத் தீட்டுகிறார்கள். வேலை செய்வது அதலம் ஒன்றுதான். விதலத்துக்குத் திருப்பினால் பெட்டி சுடுகிறது, பாதாளத்தில் இலை முழுக்கக் கருத்துப்போகிறது. நடுவில் உள்ள நாலும் அலங்காரம்.

வெற்றிலை விஷயத்தில் கஞ்சத்தனம் கூடாது. முற்றின இலையில் நரம்பு தடித்திருக்கும், ஊசி நரம்பையே ஆறு என்று நினைத்துப் பின்னால் போய்விடும். கொழுந்து வெற்றிலைதான் சரி. சாயங்காலம் இலை வாடினால் வரைபடமும் சுருங்கும், அதற்குள் நோட்டில் பிரதி எடுத்துவிடுங்கள். கத்திரி வெயிலில் மை தண்ணீராக இளகி ஒழுகும். வேலூர் வெயிலைப் பற்றிச் செய்தவர்களுக்கு யாரும் சொல்லவில்லை போல. முள் தேய்ந்து ரிப்பேருக்கு அனுப்பினேன், அஞ்சு மாதம் கழித்து வந்தது, அதுவும் வேறு முள்.

சரி, தண்ணீர் கிடைத்ததா? முதல் இலையிலேயே பாலாறு கரை முட்டிக்கொண்டு ஓடியது. மேலே வெறும் மணல். குஷியாகி, இலை காட்டிய இடத்தில் மூன்றாவது போரும் போட்டேன். புழுதி. அது அதலத்துத் தண்ணீர், நம் மோட்டாருக்கு ஏறாது என்று புரிய எனக்கு ஒரு போர் செலவு.

அந்த நவம்பரில் நிஜப் பாலாறே பெருக்கெடுத்து வந்தது. ஊரே பாலத்துப் பக்கம் நின்று வேடிக்கை பார்க்க, நான் வீட்டில் இலை வைத்தேன். ஆறு இருந்த இடம் பச்சையாக, ஒரு புள்ளி மை இல்லாமல் கிடந்தது. தண்ணீர் வடிந்து மணல் தெரிந்ததும் கோடு திரும்பி வந்துவிட்டது. மேலே இல்லாமல் போனதைத்தான் இது வரைகிறது என்று எனக்கு அன்றைக்குத்தான் பிடிபட்டது. வாங்கும்போது கொடுத்த காகிதத்தில் இதைப் பற்றி ஒரு வரி கிடையாது.

அப்படிப் பார்த்தால் வேலூரை விட்டால் இதற்கு வேறு ஊர் எது? தண்ணியில்லா ஆறு, மரமில்லா மலை, ராஜா இல்லா கோட்டை, சாமியில்லா கோயில் என்று ஊர்ப்பெருமையே இல்லாததைச் சொல்லித்தானே. மலைகளுக்கு வைத்தேன், இலை கொள்ளாத மரம். கோட்டைக்குள் ஜலகண்டேஸ்வரர் சன்னதியில் ஒன்றும் விழவில்லை. 1981இல் சத்துவாச்சாரியிலிருந்து லிங்கத்தைக் கொண்டுவந்து வைத்துவிட்டார்களே. அதே இலையைச் சத்துவாச்சாரிக்குக் கொண்டுபோனால் ஆவுடையார் மாதிரி மங்கலாக ஒரு வட்டம். கோட்டையிலிருந்து விரிஞ்சிபுரத்துக்குச் சுரங்கம் என்று சின்ன வயதிலிருந்து கேட்ட கதைக்கு மட்டும் நாலு வெற்றிலை வீணாக்கினேன். ஒரு கோடு இல்லை. இருந்து போனால்தானே விழும்.

போர் போடுபவர்கள் வாங்காதீர்கள். புதையல் தேடுபவர்களும் வேண்டாம். மற்றபடி விற்கிற எண்ணம் எனக்கு இல்லை, காரணம் ஆயா.

ஆயாவுக்கு எண்பத்தாறு. போன தையில் இலையைக் கண்ணருகே பிடித்துப் பார்த்து, "இன்னாடா இது, நம்ம ஆறு இவ்ளோ தண்ணியோட போவுது?" என்று கேட்டுச்சு. அப்புறம் ஓரமாக இருந்த ஒரு சுழியில் விரலை வைத்து, "இங்கதான் நாங்க ஊத்து தோண்டுவோம். கொட்டாங்குச்சில மொண்டு குடம் ரொப்பினு வருவோம்" என்றது. நான் நோட்டை எடுக்க உள்ளே போய்த் திரும்புவதற்குள் அந்த வரைபடத்தில் சுண்ணாம்பு தடவி, பாக்கு வைத்து, மடித்து வாயில் போட்டுக்கொண்டது.

பதறிப்போய், "ஆயா, துப்பு துப்பு, மை!" என்றேன்.

மென்றுகொண்டே, "இனிக்குதுடா" என்றது. "தோல் கழிவு கலக்கறதுக்கு முன்ன இருந்த தண்ணி."

அன்றிலிருந்து முதல் இலை ஆயாவுக்கு, இரண்டாவதுதான் நோட்டுக்கு.