சீனியாரிட்டி: காலியிடம் விழுந்த ஆண்டா, நியமன தேதியா?

காவல்துறையில் ஒரே பதவிக்கு இரண்டு வாசல்கள் உண்டு. ஒருவர் கீழிருந்து பதவி உயர்வில் வருவார், இன்னொருவர் நேரடித் தேர்வில். பட்டியலில் யார் மேலே என்பதில்தான் சண்டை.

முதல் கணக்கு, காலியிட ஆண்டு: இடம் எந்த ஆண்டு காலியானதோ, அந்த ஆண்டை வைத்தே சீனியாரிட்டி. எழுத்துத் தேர்வு, நேர்முகம், மருத்துவப் பரிசோதனை என்று இழுத்தடித்தது அரசு. அதற்கு நேரடித் தேர்வர் ஏன் பலியாக வேண்டும்? 2012-இல் வருமான வரி ஆய்வாளர்கள் தொடர்பான பர்மார் வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்தப் பக்கம் சாய்ந்தது.

இரண்டாவது, நியமன தேதி: ஆணை வந்த நாளிலிருந்துதான் சீனியாரிட்டி. மணிப்பூர் காவல் பணியில் பதவி உயர்வு பெற்றவர்கள் 2007 மார்ச் 1-ஆம் தேதியே நியமனமாகிவிட்டார்கள். நேரடித் தேர்வர்களுக்கு ஆணை வந்தது அதே ஆண்டு ஆகஸ்டிலும் நவம்பரிலும். இருந்தும் மேலே இடம் கேட்டார்கள். 2019 நவம்பரில் உச்ச நீதிமன்றம் மறுத்துவிட்டது: பணிக்கே வராத காலத்துக்கு சீனியாரிட்டி கிடையாது. பர்மார் தீர்ப்பும் தவறு என்று ஒதுக்கப்பட்டது. ஆனால் அதன்படி ஏற்கெனவே முடிவான பட்டியல்களைக் கிளற வேண்டாம் என்றார்கள்.

என் ஓட்டு இரண்டாவதுக்கு. ஆணையில் தேதி அச்சாகியிருக்கிறது, யாரும் எடுத்துப் பார்க்கலாம். காலியிட ஆண்டு என்றால் பழைய கோப்புகளைத் தோண்ட வேண்டும். ஒரே குறை: பதவி உயர்வுக் குழுவைச் சீக்கிரம் கூட்டினால் பதவி உயர்வில் வருபவர்கள் முந்திவிடுவார்கள்.

சரி, சண்டை முடிந்ததா? இல்லை. 2022-இல் இன்னொரு அமர்வு, 2019 தீர்ப்பையே மறுபடி பார்க்கச் சொல்லிப் பெரிய அமர்வுக்கு அனுப்பியது.