நல்லூர்க் கடைத்தெருவில வாங்கின மொகஞ்சதாரோ வண்டில்

இந்த முறை நல்லூர்த் திருவிழாவுக்குப் போகேக்க வழக்கம்போல கச்சான், ஐஸ்கிறீம், பிள்ளைக்கு ஒரு பலூன் எண்டு முடிச்சுக்கொண்டு வெளிக்கிடுவம் எண்டுதான் நினைச்சனான், ஆனா சட்டி பானை அடுக்கி வைச்ச ஒரு கடையின்ர மூலையில பலகை போட்டு "பழைய காலத்துச் சுடுமண் விளையாட்டுச் சாமான்" எண்டு மட்டையில எழுதிக் கிடந்தது, மகன் அதில நிண்டவன் நிண்டவன்தான்.

தகப்பன் பொங்கல் பானையும் தயிர்ச் சட்டியும் விக்கிறார், மகன்காரப் பெடியன் புத்தகத்தில படம் பாத்துப் பாத்து சிந்துவெளிச் சாமான்களைச் செய்யிறார். நான் வாங்கினது மாட்டு வண்டில் ஒண்டு 1,800 ரூபா, குருவி விசில் 350, தலையாட்டுற மாடு 1,200, பிறகு விளக்கீட்டுக்கு எண்டு ஒரு டசின் சிட்டி. வண்டிலுக்கு 1,800 கூடத்தான், நானும் பேரம் பேசிப் பாத்தனான், "அக்கா ஒரு சோடி சில்லு சரிவர நாலு சோடி வெடிக்குது" எண்டார், அதுக்குப் பிறகு நான் வாயைத் திறக்கேல்ல.

வண்டிலைப் பற்றித்தான் கனக்கச் சொல்ல வேணும். தட்டையான ஒரு மண் சட்டம், ரெண்டு பக்கக் கரையிலயும் குச்சி குத்த ஓட்டை, கீழ ஆரக்கால் இல்லாத முழுச் சில்லு ரெண்டு, நடுவில குடம் கொஞ்சம் தள்ளிக்கொண்டு நிக்குது. மொகஞ்சதாரோவிலயும் ஹரப்பாவிலயும் இப்பிடியான வண்டில்கள் கனக்க எடுத்திருக்கினம், கி.மு. 2600 தொடக்கம் 1900 வரையான காலத்துச் சாமான். ஆனா கிடைச்சது மண் சட்டமும் சில்லும் மட்டும்தான். அச்சு, கரைக் குச்சி எல்லாம் மரம், மண்ணுக்குள்ள உக்கிப் போச்சு. மியூசியத்தில முழு வண்டிலா நிக்கிறதுகள் இப்பத்தைய ஆக்கள் புதுசாக் குச்சி போட்டுப் பூட்டினது. பெடியன் இதைச் சொல்லேக்க எனக்கு எங்கட நுங்குக் கோம்பை வண்டில் ஞாபகம் வந்திட்டுது, ரெண்டு கோம்பை, நடுவில ஒரு தடி, கவட்டைக் கம்பால தள்ளிக்கொண்டு ஒழுங்கை முழுக்க ஓடித் திரிஞ்சனாங்கள் எல்லோ, அதில ஒண்டுகூட மிஞ்சப் போறேல்ல, கோம்பையும் உக்கும் தடியும் உக்கும். ஆரும் பின்னுக்கு ஒரு காலம் எங்கட ஊரைக் கிண்டினா யாழ்ப்பாணத்துப் பிள்ளையள் விளையாடவே இல்லை எண்டு எழுதிப்போடுவினம்.

வீட்ட கொண்டு வந்து காட்ட அப்பு கண்ணாடியைப் போட்டுக்கொண்டு திருப்பித் திருப்பிப் பாத்தார். "உது சவாரி வண்டில் இல்லை, பார வண்டில்" எண்டார் உடன, சில்லின்ர மொத்தத்தைப் பாத்துத்தான் சொன்னவராம். வண்டிலின்ர அடியில பெருவிரல் அமத்தின பள்ளம் ஒண்டு கிடக்கு, ரேகைகூடத் தெரியுது. பெடியன் அதை வேணுமெண்டுதான் அழிக்காமல் விட்டவராம், அந்தக் காலத்துப் பொம்மையளிலயும் செய்த ஆளின்ர விரல் அடையாளம் அப்பிடியே இருக்காம். இந்தச் சாமானில எனக்கு ஆகப் பிடிச்ச இடம் அந்தப் பள்ளம்தான்.

விசில் உள்ளுக்குக் கோறையான ஒரு குருவி, முதுகில ஒரு ஓட்டை, அதுக்குக் குறுக்க ஊத வேணும். நல்லா வேலை செய்யுது, அளவுக்கு மிஞ்சி வேலை செய்யுது, ரெண்டாம் நாளே அம்மா பறிச்சு அலுமாரிக்கு மேல வைச்சிட்டா. மாட்டின்ர தலை தனிய, கழுத்துக்குள்ளால நூல் போகுது, இழுத்தா ஓம் ஓம் எண்டு தலையாட்டும், இதுவும் மொகஞ்சதாரோவில எடுத்த ஒரு மாட்டின்ர கொப்பிதான். நூல் மட்டும் மூண்டு நாளில அறுந்து போச்சு, நான் தூண்டில் நூல் போட்டுச் சரிப்படுத்தினன்.

இனிக் குறை. ஒரு பெண் பொம்மை இருந்தது, விசிறி மாதிரிக் கொண்டை, கழுத்து நிறைய மாலை, வடிவெண்டால் அப்பிடி ஒரு வடிவு, ஆனா முழுக்கத் தங்கப் பெயின்ற் அடிச்சு வைச்சிருக்கு! ஏன் தம்பி எண்டு கேட்டா, மண் நிறத்தில வைச்சா ஒருத்தரும் தூக்கிப் பாக்கினமில்லையாம், அலுமாரிக்குள்ள வைக்க மினுங்கிறதுதான் வேணுமாம். பலுச்சிஸ்தானில நௌஷாரோ எண்ட இடத்தில கி.மு. 2800–2600 அளவில செய்த பெண் பொம்மையள் எடுத்திருக்கினம், தலைமயிர் கறுப்பு, நடு வகிட்டில மட்டும் சிவப்புப் பூசி. குங்குமம் வைக்கிறது அவ்வளவு பழசோ எண்டு ஆக்கள் இண்டைக்கும் கதைக்கிறது அந்த ஒரு கோட்டை வைச்சுத்தான். அதைத் தங்கத்துக்குள்ள தாட்டுப்போட்டு 1,500 எண்டால் நான் வாங்க மாட்டன். அந்தக் காசுக்குக் கழுத்துப் பட்டி போட்ட நாய்ப் பொம்மையை வாங்கலாம், அதுவும் ஹரப்பாக் காலத்தது, ஆரோ அப்பவே நாய்க்குப் பட்டி கட்டி வளத்திருக்கினம் எண்டு விளங்குது எல்லோ. நான் போகேக்க நாய் முடிஞ்சுது.

அச்சில அமத்திச் செய்த தட்டையான பொம்மையளும் வைச்சிருந்தார், வங்காளத்துச் சந்திரகேதுகர் பக்கத்து ஸ்ரைல். கிட்டத்தட்ட 2,000 வருசத்துக்கு முந்தி அச்சு நல்லாப் பரவினாப் பிறகு கொண்டை ஊசி, காதணி, இடுப்பு மணி எல்லாம் நுணுக்கமா வந்திட்டுது. பெண்டுகள் அப்ப எப்பிடி உடுத்தினவை எண்டு அறிய அது நல்லதுதான், எண்டாலும் எனக்குக் கையால பிடிச்சதுதான் விருப்பம். உங்கட விருப்பம் வேறயா இருக்கலாம்.

தமிழ்நாட்டில கீழடியைக் கிண்டேக்க எடுத்த வட்டச் சில்லு மாதிரியும் கொஞ்சம் இருந்தது, உடைஞ்ச பானைத் துண்டை வட்டமா உரைஞ்சு செய்தது. "சில்லு" எண்டு பேர் எழுதியிருக்க மகன் எங்க மற்றச் சில்லு எண்டு தேடுறான், எங்களுக்குச் சில்லு எண்டால் சைக்கிள் சில்லுதானே. ஆனா இவ்வளவும் செய்யிற பெடியன் யாழ்ப்பாணத்திலயே கிண்டி எடுத்த கந்தரோடை, ஆனைக்கோட்டைச் சாமானில ஒண்டும் செய்யேல்ல. உள்ளுக்குக் கறுப்பும் வெளியில சிவப்புமான அந்தச் சட்டியள் எங்கட மண்ணுக்குள்ளயே கிடந்தது, சூளையில காத்துப் படாத பக்கம் கறுக்கும் பட்ட பக்கம் சிவக்கும், அது ஒரு பெரிய கைவேலை. கேட்டனான். "அது சரிவருகுதில்லை அக்கா, மூண்டு தரம் சுட்டனான், முழுக்கக் கறுத்துப் போகுது" எண்டார். அடுத்த வருசம் பாப்பம்.

பாக் பண்ணுறதுதான் படு மோசம். ஒரு பேப்பரில சுத்திச் சொப்பிங் பையுக்குள்ள போட்டுத் தந்தவை, பஸ்ஸில ஆரோ முழங்கையால இடிக்க ஒரு சில்லு ரெண்டாப் போச்சு. அடுத்த நாள் கொண்டு போய்க் காட்ட, ஒண்டும் கதைக்காமல் வேற சில்லு எடுத்துத் தந்தார், காசு வாங்கேல்ல, ஆனா அது ஒரு விரல் பெரிசு, இப்ப வண்டில் இடப்பக்கம் திரும்பித் திரும்பித்தான் ஓடுது. அச்சுக்கு அவர் போட்ட மூங்கில் குச்சியும் சரியான மெல்லிசு, நான் கழட்டிப்போட்டுப் பூவரசங் கம்பு சீவிப் போட்டன்.

போறவை சில்லைத் தனியாச் சுத்தித் தரச் சொல்லுங்கோ, வாங்க முதல் ரெண்டையும் பக்கத்தில வைச்சு அளந்து பாருங்கோ. விசில் வாங்குறது உங்கட வீட்டு ஆக்களின்ர பொறுமையைப் பொறுத்தது.